சீஸ் பொப்பியாவும் என் வீட்டுக்காரரும்

என் வீட்டுக்காரர் ஸ்ரீ கெம்பாங்கானில் ஒரு பிளாஸ்டிக் தொழிற்சாலையில் முப்பத்தோரு வருஷம் தரக் கட்டுப்பாட்டுப் பிரிவில் வேலை பார்த்தார். அறுபது வயதானதும் கேக் வெட்டி, கையில் ஒரு கடிகாரத்தைக் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். அதுவரை அவர் எங்கள் பிரிக்ஃபீல்ட்ஸ் வீட்டின் சமையலறைக்குள் வந்ததெல்லாம் தண்ணீர் குடிக்கத்தான். ஓய்வு பெற்ற ஐந்தாவது மாதம், டிசம்பர் தொடக்கத்தில் ஒருநாள் காலை, நான் வேலைக்குக் கிளம்பிச் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தபோது, "ஓப்பன் ஹவுஸுக்குப் பலகாரம் நான் செய்றேன்" என்றார்.

நான் பங்சாரில் ஒரு பல் மருத்துவமனையில் வரவேற்பு மேசையில் இருக்கிறேன். எட்டே முக்காலுக்குக் கதவைத் திறக்க வேண்டும். அதனால் என்ன, ஏன், எப்படி என்று எதுவும் கேட்காமல் "சரி" என்று சொல்லிவிட்டு ஓடினேன். அன்று அரை மணி நேரம் தாமதமாகப் போயிருந்தாலும் பரவாயில்லை, நின்று கேட்டிருக்க வேண்டும்.

அவர் சொன்னது, பண்டிகை நாளில் வருகிறவர்களுக்கெல்லாம் கதவைத் திறந்து விருந்து வைக்கிற வழக்கமான ஓப்பன் ஹவுஸ் இல்லை. கிறிஸ்துமஸ் முடிந்து, புது வருஷத்து முதல் சனிக்கிழமை, மூன்று பேரை மட்டும் வீட்டுக்குக் கூப்பிட்டிருந்தோம். என் மகள் கல்யாணம் செய்துகொள்ள விரும்பிய பையன், அவன் அம்மா, அப்பா. கிள்ளானில் இருக்கிறார்கள். பெண் பார்ப்பது, சம்பந்தம் பேசுவது என்றெல்லாம் பெயர் வைத்தால் வீட்டில் ஒருவர் முகம் எப்படிப் போகும் என்று தெரியாததால், நானும் மகளும் சேர்ந்து ஓப்பன் ஹவுஸ் என்று பெயர் வைத்தோம்.

அந்த ஒருவர் என் வீட்டுக்காரர்தான். ஏப்ரல் மாதத்தில் மகள் எங்கள் இரண்டு பேரையும் உட்காரவைத்து விஷயத்தைச் சொன்னாள். நாங்கள் மெதடிஸ்ட் சர்ச். பையன் வீட்டில் இந்துக்கள், அம்மா வாராவாரம் கோயிலுக்குப் போகிறவர். எனக்கு ஒரு வாரம் மனசு சரியில்லை, அதை மறைக்கவில்லை. அழுதேன், மகளோடு சண்டை போட்டேன், பையனை நேரில் பார்த்தேன், சரியாகிவிட்டேன். இவர் அன்றைக்கு "ம்" என்றார். அதற்குப் பிறகு எட்டு மாதம் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. சம்மதமா என்று கேட்டால் டிவி சத்தத்தைக் கூட்டுவார். வேண்டாமா என்று கேட்டால் குப்பையைக் கட்டிக் கீழே கொண்டுபோவார். அந்த எட்டு மாதமும் எங்கள் வீட்டுக் குப்பைத் தொட்டி இருந்த சுத்தம் அதற்கு முன்னும் இருந்ததில்லை, பின்னும் இல்லை.

அப்படிப்பட்ட மனிதர் பலகாரம் செய்கிறேன் என்றதும் மகள் சந்தோஷப்பட்டாள். "அப்பா மாறிட்டாரு மா" என்றாள்.

கைபேசியில் ஏதோ ஒரு வீடியோ பார்த்திருக்கிறார். பொப்பியா செய்யும் மெல்லிய மாவுத் தாளில், காரமான சீஸ் வைத்து, விரல் நீளத்துக்குச் சுருட்டி, மொறுமொறுவென்று எண்ணெயில் பொரித்து எடுப்பது. கடித்தால் சீஸ் இழுபட வேண்டும், காரம் மூக்கில் ஏற வேண்டும். பார்க்க நன்றாகத்தான் இருந்தது. முதல் நாள் அவர் செய்தபோது எட்டில் ஏழு குவாலிச் சட்டிக்குள்ளேயே வெடித்தன. சீஸ் மொத்தமும் எண்ணெயில் இறங்கி, நுரைத்து, கருகி, அடியில் பிடித்தது. எட்டாவது வெடிக்கவில்லை, ஏனென்றால் அதில் சீஸ் வைக்க மறந்திருந்தார்.

நான் வேலையிலிருந்து வந்தபோது வீடு முழுக்கத் தீய்ந்த பால் நாற்றம். ஜன்னல் திரையில்கூட. அவர் மேசையில் உட்கார்ந்து நோட்டுப் புத்தகத்தில் எழுதிக்கொண்டிருந்தார். பக்கத்தில், தொழிற்சாலையில் அச்சுகளின் சூட்டை அளக்க வைத்திருந்த துப்பாக்கி மாதிரியான தெர்மோமீட்டர். அதை எண்ணெயை நோக்கிப் பிடித்து, விசையை அழுத்தி, எண்ணைப் பார்த்து எழுதுவார். எண்ணெய்ச் சூடு, மடித்த விதம், வெடித்த நேரம், வெடித்த மூலை. மூலைக்கு என்று தனியாக ஒரு கட்டம் போட்டிருந்தார்.

"சீஸை முதல்ல துண்டு போட்டு ஃபிரீசர்ல வெச்சிடுங்க" என்றேன். "கல்லு மாதிரி ஆனதும் சுருட்டுங்க. வெளித் தோல் சிவக்கிறதுக்குள்ள உள்ள அது உருகி முடியாது."

அவர் கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். "உள்ள ஐஸா இருந்தா எண்ணெய் சூடு சடார்னு இறங்கிடும். தோல் எண்ணெய் குடிக்கும். பிரச்சினை சூட்டுல இல்ல, மடிப்புல இருக்கு."

இருபத்தொன்பது வருஷம் அந்த வீட்டில் பொரித்தவள் நான். வடை, பஜ்ஜி, மீன், முறுக்கு, எல்லாம். ஆனால் பிரச்சினை மடிப்பில் இருக்கிறதாம்.

அந்த மாதம் முழுக்கத் தோற்றுப்போன பொப்பியாவைச் சாப்பிட்டோம். காலையில் டீயோடு, மாலையில் டீயோடு, ஒரு நாள் சோற்றுக்குத் தொட்டுக்கொள்ளவும். மிச்சத்தை டப்பாவில் போட்டு மருத்துவமனைக்குக் கொண்டுபோனேன். டாக்டர் ஒருவர்தான் ஆசையாகச் சாப்பிட்டார். நோயாளி நாற்காலியில் வாயைத் திறந்துகொண்டு காத்திருக்க, டாக்டர் பின்னறையில் நான்காவதைக் கடித்துக்கொண்டிருப்பார். என் பிளட் பிரஷர் மாத்திரையின் அளவு அந்த மாதம்தான் கூடியது. பொப்பியாவால் என்று நான் சொல்லவில்லை, மாத்திரை எழுதித் தருகிற டாக்டரும் அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்றார், ஆனால் எனக்குத் தெரியும்.

டிசம்பர் கடைசியில் மடிப்பு ஒரு வழியாக அமைந்தது. இரண்டு தோலைக் குறுக்கே வைத்து, ஓரத்தில் முட்டை வெள்ளை தடவி, கடிதம் மடிப்பது போல மடித்துச் சுருட்டினார். பத்தில் மூன்றுதான் வெடித்தது. காரத்துக்கு அவரே சம்பால் அரைத்தார். ஊசி மிளகாய், சின்ன வெங்காயம், ஊறவைத்த காய்ந்த இறால், சுட்ட பெலாச்சான். உண்மையைச் சொன்னால், ருசி அபாரமாக இருந்தது. அதை அவரிடம் நான் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் இன்னொரு நோட்டுப் புத்தகம் வாங்கியிருப்பார்.

அந்தச் சனிக்கிழமை நாலு மணிக்கு வருவதாகச் சொல்லியிருந்தார்கள். வெள்ளிக்கிழமையே எண்பது பொப்பியா சுருட்டி, தட்டுகளில் அடுக்கி, ஃபிரிட்ஜில் வைத்துவிட்டார். மூன்று பேருக்கு எதற்கு எண்பது என்று கேட்டேன். "முப்பது சதவீதம் ரிஜெக்ட் போகும்" என்றார். சனிக்கிழமை பதினோரு மணிக்குச் சோதனைக்காக ஐந்தை எண்ணெயில் போட்டார். அப்போதுதான் மகள் வேலை முடிந்து வந்தாள். அவள் ஆஸ்பத்திரியில் பிசியோதெரபிஸ்ட், சனிக்கிழமை அரை நாள். பையைக்கூட வைக்காமல் சமையலறை வாசலில் நின்று மூக்கைச் சுருக்கினாள்.

"அப்பா, இது பெலாச்சான் வாசனையா?"

"ஆமா. சம்பால் போட்டிருக்கேன்ல."

"எல்லாத்துலயுமா?"

"எல்லாத்துலயும்தான். ஏன்?"

மகள் பையைத் தரையில் வைத்தாள். "அவரு தைப்பூசத்துக்குப் பால் குடம் எடுக்கிறாரு. அவங்க வீடே விரதம். கிறிஸ்துமஸ் அன்னிக்கு இதே இடத்துல நின்னு உங்ககிட்ட சொன்னேன். அவங்க சைவம் மட்டும்தான்னு."

"சொன்ன. அதான் கோழி போடல."

"பெலாச்சான் இறால் பா."

"அது சும்மா வாசனைக்குத்தானே."

"காய்ந்த இறாலும் வாசனைக்கா? முட்டை?"

"முட்டை உள்ள இல்ல. ஓரத்துல பசை மாதிரி..."

என் பங்கு குற்றத்தையும் சொல்லிவிட வேண்டும். மகள் சொன்னபோது நானும் அங்கேதான் இருந்தேன். அவர் சம்பால் அரைத்தபோதும் இருந்தேன், ருசி பார்த்தேன். இரண்டையும் சேர்த்து யோசிக்கவில்லை. வீட்டைத் துடைப்பதிலும், திரையை மாற்றுவதிலும், பையனின் அம்மாவுக்கு என்ன கொடுத்தனுப்புவது என்பதிலும் என் புத்தி இருந்தது.

ஆனால் மகள் என்னைப் பார்க்கவில்லை. அவள் முகம் மாறிக்கொண்டே வந்தது. எட்டு மாதமாகச் சேர்த்து வைத்திருந்ததை, நான் தடுப்பதற்குள் சொல்லிவிட்டாள்.

"வேணும்னே பண்ணீங்களா பா?"

அவர் அடுப்பை அணைத்தார். தெர்மோமீட்டரை மேசையில் வைத்தார். படுக்கையறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். எண்ணெயில் ஐந்தும் அப்படியே மிதந்துகொண்டிருந்தன. மகள் குளியலறைக்குள் போய் அவளும் கதவைச் சாத்தினாள். நான் இரண்டு கதவுக்கும் நடுவில் கரண்டியோடு நின்றேன். நாலு மணிக்கு விருந்தாளி. இரண்டு பேரையும் அதே கரண்டியால் ஒன்று போடலாம் போலிருந்தது.

முதலில் அவரிடம் போனேன். கட்டில் ஓரத்தில், சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்.

"என்ன இது? சின்னப் பிள்ளையா நீங்க?"

"நான் வேணும்னு செஞ்சேன்னு நினைக்கிறா."

"வேற என்ன நினைப்பா? எட்டு மாசமா வாயத் தொறக்கல. சம்மதமா இல்லையான்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா இன்னிக்கு இந்தப் பேச்சு வந்திருக்குமா?"

அவர் படுக்கை விரிப்பின் சுருக்கத்தை நீவினார். பிறகு தன் தங்கையைப் பற்றிப் பேசினார். என் நாத்தனார் சாலாக் செலாத்தானில் இருக்கிறார். இந்துப் பையனைக் காதலித்துக் கல்யாணம் செய்துகொண்டவர், அதனால் என் மாமனார் வீட்டில் பதினொரு வருஷம் காலடி வைக்காதவர். இவ்வளவும் எனக்குத் தெரிந்த கதைதான். மாமனார் அடித்துத் துரத்தியிருப்பார் என்றுதான் நான் நினைத்திருந்தேன்.

"அடிக்கவெல்லாம் இல்ல" என்றார். "அவ வந்து சொன்னப்போ அப்பா ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னாரு. கோவத்துல. அடுத்த நாளே அவருக்கே மறந்துபோச்சு. அவளுக்கு மறக்கல. நான் பக்கத்துல நின்னுட்டிருந்தேன்." கையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "எனக்கும் அன்னிக்குக் கோவம் வந்துச்சு. நம்ம பொண்ணு சொன்னப்போ. வாயத் தொறந்தா அப்பா மாதிரி ஏதாவது வந்துடும்னு சும்மா இருந்துட்டேன். அப்புறம் கோவம் போயிடுச்சு. ஆனா எப்படி ஆரம்பிக்கிறதுன்னு தெரியல. சரி, ஏதாவது செஞ்சு காட்டலாம்னு..."

அந்த வார்த்தை என்ன என்று நான் கேட்கவில்லை. எனக்கு அழுகை வந்தது, அதைவிட அதிகமாகக் கோபம் வந்தது. இருபத்தொன்பது வருஷம் ஒரே கட்டிலில் படுக்கிற ஆள். இதை ஏப்ரல் மாதத்திலேயே என்னிடம் சொல்லியிருந்தால், எட்டு மாதம் நான் தூங்கியிருப்பேன், மகள் இளைத்திருக்க மாட்டாள், என் ஜன்னல் திரை நாறியிருக்காது.

"இத அவகிட்ட சொல்லுங்க" என்றேன்.

"நீ சொல்லேன்."

"நான் என்ன போஸ்ட்மேனா? உங்க வாய் உங்ககிட்டதானே இருக்கு. எழுந்து போய்ச் சொல்லுங்க. நான் கடைக்குப் போறேன்."

அவரை எழுப்பிக் கூடத்தில் விட்டேன். குளியலறைக் கதவைத் தட்டி, "அப்பா ஏதோ சொல்லணுமாம், வெளிய வா" என்று சொல்லிவிட்டு, பணப்பையை எடுத்துக்கொண்டு இறங்கினேன்.

பொப்பியா தோல் வழக்கமாக வாங்கும் கடையில் தீர்ந்துவிட்டது. அடுத்த கடையில் சமோசா தோல்தான் இருந்தது. மூன்றாவது கடைக்காரர், "நாளைக்கு வரும் கா" என்றார். நாளைக்கு யாருக்கு வேண்டும். காரை எடுத்துக்கொண்டு பங்சார் சூப்பர்மார்க்கெட்டுக்குப் போனேன். வாரம் ஐந்து நாள் நான் வேலைக்குப் போகிற பாதை. சனிக்கிழமை மதியம் அங்கே கார் நிறுத்த இருபது நிமிஷம் சுற்றினேன். தோல், சீஸ், உருளைக்கிழங்கு, பச்சை மிளகாய், குடைமிளகாய், கொத்துமல்லி, புது எண்ணெய். பெலாச்சான் பொரிந்த குவாலியில் விரதக்காரர்களுக்குப் பொரிக்க மனசு வராமல் ஒரு புதுக் குவாலியும் வாங்கினேன்.

திரும்பி வந்தபோது இரண்டு மணி. அப்பாவும் மகளும் மேசையில் எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். அவள் கண் சிவந்திருந்தது. அவர் மூக்கு சிவந்திருந்தது.

"பேசிட்டீங்களா?" என்றேன்.

"ம்" என்றார் அவர்.

"ம்" என்றாள் அவள்.

எட்டு மாதம் நடுவில் நின்று அடி வாங்கியவளுக்குக் கிடைத்தது இரண்டு "ம்". பிறகு பாத்திரம் கழுவும்போது மகள் என் காதருகே, "அத்தை கதையைச் சொன்னாரு மா. நான் கேட்டது தப்புன்னு சாரி சொன்னேன். அவரும் சொன்னாரு" என்றாள். அந்த மனிதர் சாரி சொல்லி நான் கேட்டதே இல்லை. அதற்கும் நான் வீட்டில் இல்லை, கார் நிறுத்த இடம் தேடிக்கொண்டிருந்தேன்.

வேலையை ஆரம்பித்தோம். நான் கிழங்கை வேகவைத்து மசித்தேன். மகள் மிளகாயும் குடைமிளகாயும் அரிந்து, சீஸ் துருவி, மிளகாய்த் தூளும் கொத்துமல்லியும் போட்டுப் பிசைந்தாள். அவர் முட்டைக்குப் பதில் மைதாவைக் கரைத்துப் பசை செய்தார். தோல் உறைந்து பலகை மாதிரி இருந்தது. ஈரத் துணியில் சுற்றி வைத்தும், பிரிக்கப் பிரிக்கக் கிழிந்தது. கிழிந்ததை ஒட்டுப்போட்டு முப்பத்தைந்து சுருட்டினோம். புதுக் குவாலியைக் கழுவி, எண்ணெய் ஊற்றி, முதல் நாலைப் போட்டார். நாலும் வெடித்தன.

அதே நேரத்தில் கதவு மணி அடித்தது. மூன்றரைதான் ஆகியிருந்தது. "ஃபெடரல் ஹைவேயில ஜாமே இல்ல ஆன்டி" என்று பையன் மன்னிப்புக் கேட்பது போலச் சொன்னான். வருஷத்தில் ஒரு நாள் அந்தச் சாலையில் நெரிசல் இல்லாமல் இருக்கிறது, அது அந்த நாளாக இருக்க வேண்டும். நான் மாவுக் கையோடு, வீட்டு உடுப்பில், தலையில் கிளிப்போடு நின்றேன். பையனுக்கு விரதத் தாடி. அவன் அப்பா உயரமான, அமைதியான மனிதர். அம்மா மஞ்சள் சேலையில், கையில் பெரிய டப்பாவோடு இருந்தார். "உளுந்து வடை கா. வெறுங்கையா எப்படி வரது" என்று என்னிடம் கொடுத்துவிட்டு, உட்காரச் சொன்ன சோபாவைத் தாண்டி, வாசனை வந்த பக்கமாக நேராகச் சமையலறைக்குள் போய்விட்டார்.

குவாலிக்குள் எட்டிப் பார்த்தார். என் வீட்டுக்காரர் குற்றவாளி மாதிரி நின்றார்.

"சீஸா அண்ணே?"

"ஆமா மா. சைவம்தான். முட்டையும் இல்ல. குவாலி எண்ணெய் எல்லாம் புதுசு."

"எங்களுக்காகவா இவ்வளவு?" என்றார் அந்த அம்மா. பிறகு கொஞ்சம் குனிந்து பார்த்து, "சுருட்டினதும் ஃபிரீசர்ல ஒரு அரை மணி நேரம் வெச்சிடுங்க அண்ணே. உள்ள கெட்டியா இருந்தா வெடிக்காது" என்றார்.

என் வீட்டுக்காரர் முகம் பிரகாசமானது. "சரியான பாயின்ட்" என்றார். "தோல் சிவக்கிறதுக்குள்ள உள்ள உருகி முடியாதுல்ல."

நான் தட்டைத் தூக்கி ஃபிரீசரில் வைத்தேன். ஃபிரீசர் கதவைக் கொஞ்சம் பலமாகச் சாத்தினேன் என்று மகள் பிறகு சொன்னாள்.

அந்த அரை மணி நேரம் அவர்கள் கொண்டுவந்த வடையைச் சாப்பிட்டோம், டீ குடித்தோம். பையனின் அப்பா துறைமுகத்தில் கிரேன் பராமரிப்பில் இருக்கிறவர். அந்தத் தெர்மோமீட்டரைப் பார்த்ததும்தான் வாயைத் திறந்தார். டீயை அளந்தார், மின்விசிறி மோட்டாரை அளந்தார், பையனின் நெற்றியை அளந்தார். இரண்டு ஆண்களும் அடுப்படிக்குப் போய்விட்டார்கள். உறைந்த பொப்பியா எண்ணெயில் இறங்கியது. ஒன்றும் வெடிக்கவில்லை. பொன்னிறமாக வந்தது. கடித்தபோது சத்தம் கூடத்துக்குக் கேட்டது, சீஸ் நூலாக இழுபட்டது, பச்சை மிளகாய் சுரீரென்று ஏறியது. பையன் ஒன்பது சாப்பிட்டான்.

யார் முதலில் எடுப்பது என்று தெரியாமல் கல்யாணப் பேச்சு மேசையைச் சுற்றிக்கொண்டே இருந்தது. கடைசியில் அந்த அம்மாதான், "சர்ச்லயும் வெச்சுக்கலாம், கோயில்லயும் வெச்சுக்கலாம். பிள்ளைங்க எங்க நிக்கச் சொல்றாங்களோ நாம அங்க நிப்போம். அண்ணே என்ன சொல்றீங்க?" என்றார்.

எல்லோரும் அவரைப் பார்த்தோம். டிவி ரிமோட் எங்கே இருக்கிறது என்று நான் கண்ணால் தேடினேன். அவர் கைத்துணியில் எண்ணெயைத் துடைத்தார். மகளைப் பார்த்தார்.

"எனக்குச் சம்மதம் மா" என்றார். "முன்னாடியே சொல்லியிருக்கணும்."

மகள் எழுந்து போய் அவர் தோளில் முகத்தை வைத்துக்கொண்டாள். அந்த அம்மா கண்ணைத் துடைத்தார். நான் டீ கொதிக்கிறது என்று சொல்லி உள்ளே போனேன். டீ அடுப்பை அணைத்து அரை மணி நேரம் ஆகியிருந்தது.

தைப்பூசத்தன்று கிள்ளானில் அவர்கள் கும்பிடும் கோயிலுக்கு நாங்களும் போனோம். நாங்கள் பந்தலில் உட்கார்ந்து பார்த்தால் போதும் என்று பையனின் அம்மா சொல்லியிருந்தார். இவரும் தலையாட்டியிருந்தார். பையன் பால் குடத்தைத் தலையில் வைத்து, வெறுங்காலோடு, உறவுக்காரர்கள் சூழ எங்களைத் தாண்டினான். வெயில் ஏறி, தார்ச்சாலை கொதித்துக்கொண்டிருந்தது. அவன் முகத்தில் வியர்வை வழிந்து கண்ணில் இறங்கியது, துடைக்கக் கை ஒழியவில்லை. பார்த்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர் திடீரென்று எழுந்தார். செருப்பைக் கழற்றி என் மடியில் வைத்தார். தன் கைக்குட்டையைத் தண்ணீரில் நனைத்துக்கொண்டு, பையன் பக்கத்தில் போய், அவன் நெற்றியைத் துடைத்துவிட்டு, துடைத்துவிட்டு, கோயில் வாசல் வரை நடந்தார். வாசலிலேயே நின்றுகொண்டார். மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். நானும் அவர் செருப்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அவருக்கு இரண்டு உள்ளங்காலிலும் கொப்புளம். வெறுங்காலில் சந்துக் கடைக்குக்கூடப் போகாத ஆள், கொதிக்கிற தாரில் ஒரு கிலோமீட்டர் நடந்தால் வேறு என்ன ஆகும். மூன்று நாள் சோபாவில் காலை நீட்டிக்கொண்டு கிடந்தார். மருந்து போட்டால் எரிகிறது, போடாவிட்டால் வலிக்கிறது, துணி சுற்றினால் புழுங்குகிறது. "சாலையில தண்ணி ஊத்தியிருக்கலாம்ல" என்று கோயில் நிர்வாகத்தைக் குறை சொன்னார். நான் வேலை முடிந்து வந்து, அந்தக் காலை மடியில் வைத்து மருந்து தடவிக்கொண்டே, எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தேன்.